நூலகப் பணியிடச் சீர்கேடும் நல்லுறவும்

நூலகப் பணியிடச் சீர்கேடு என்பது, ஒரு நூலகத்தில் பணியாற்றுவோரிடையே நம்பிக்கை குறைந்து, பேச்சு சுருங்கி, அதன் விளைவாக அன்றாட வேலையும் வாசகர் சேவையும் கெடும் நிலையைக் குறிக்கும். எப்போதாவது எழும் கருத்து வேறுபாட்டுக்கு இப்பெயர் பொருந்தாது. நான்கு பேர் சேர்ந்து வேலை செய்யும் எந்த இடத்திலும் வேறுபாடு எழும். அது எழுந்தபின் தீர்த்துக்கொள்ளும் வழி அடைபட்டுப் போவதே சீர்கேடு.

இச்சீர்கேட்டின் பெரும்பகுதிக்கு மனிதர்களின் குணத்தைவிட வேலை அமைந்திருக்கும் முறையே காரணமாகிறது. ஆகவே முதலில் திருத்த வேண்டியது வேலை அமைப்பைத்தான். ஆனால் ஒருவரை இழிவுபடுத்துவதும் துன்புறுத்துவதும் வேறு வகையைச் சேர்ந்தவை. அவற்றைச் சமாதானப் பேச்சால் மூடிவிடக் கூடாது. இந்த இரண்டையும் பிரித்தறிவதே இப்பொருளில் முதற்பாடம்.

நூலகத்தில் இது ஏன் கவனிக்கத்தக்கது?

நூலகம் அமைதி காக்கப்படும் இடம். அந்த அமைதியே சில வேளைகளில் பூசலை மறைக்கும் திரையாகிவிடுகிறது. தொழிற்கூடத்தில் இருவர் சண்டையிட்டால் குரல் வெளியே கேட்கும். நூலகத்தில் இரவல் மேசையில் இருப்பவரும் நூல் அடுக்குபவரும் மாதக்கணக்கில் பேசாமல் இருந்தாலும் வெளியாருக்குத் தெரியாது. துண்டுச் சீட்டில் எழுதி அனுப்பியே காலத்தை ஓட்டிவிடலாம்.

ஆனால் நூலக வேலை ஒரு சங்கிலி. நூல் வாங்குதல், சேர்க்கைப் பதிவேட்டில் ஏற்றுதல், பகுத்தல், பட்டியலிடுதல், எண் ஒட்டுதல், அடுக்குதல், இரவல் வழங்குதல், திரும்பப் பெறுதல் என ஒவ்வொரு கண்ணியும் அடுத்ததைப் பிடித்து நிற்கிறது. ஒருவர் பகுத்து முடித்த நூலை மற்றவர் வேண்டுமென்றே தாமதமாக அடுக்கினால், அந்த நூல் கட்டடத்துக்குள்ளேயே காணாமற் போகிறது. வாசகருக்கு உள்ளே நடப்பது எதுவும் தெரியாது. "அந்த நூல் இல்லை" என்ற பதில் மட்டுமே அவருக்குக் கிடைக்கிறது.

எஸ். ஆர். அரங்கநாதன் 1931இல் வெளியிட்ட நூலக அறிவியலின் ஐந்து விதிகளை இதற்கு ஓர் அளவுகோலாகக் கொள்ளலாம். நூல் பயன்பாட்டுக்குரியது என்பது முதல் விதியின் கருத்து. வாசகருக்கு உரிய நூல் கிடைக்க வேண்டும், நூலுக்கு உரிய வாசகர் கிடைக்க வேண்டும் என்பவை அடுத்த இரண்டு. வாசகரின் நேரத்தைக் காப்பது நான்காவது. நூலகம் வளர்ந்துகொண்டே இருக்கும் உயிர் போன்றது என்பது ஐந்தாவது. பணியாளர் உறவு கெட்ட நூலகத்தில் இந்த ஐந்தும் ஒவ்வொன்றாகத் தளரும். எனவே அங்குள்ள பூசலைப் பணியாளர்களின் சொந்த விவகாரம் என்று ஒதுக்கிவிட முடியாது.

அறிகுறிகள்

சீர்கேடு ஒரே நாளில் வருவதில்லை. கீழ்க்காண்பவை அது தொடங்கிவிட்டதைக் காட்டும் அடையாளங்கள்:

• வேலை தொடர்பான செய்தி நேராகச் சொல்லப்படாமல் மூன்றாமவர் வழியாகச் செல்லுதல்.
• ஒருவர் விடுப்பில் சென்றால் அவர் வேலை எதுவும் நகராமல் நிற்றல். சாவியும் கடவுச்சொல்லும் அவரிடமே இருத்தல்.
• தவறு தெரியவந்தவுடன் "யார் செய்தது?" என்ற கேள்வி மட்டும் எழுதல், "எப்படி நேர்ந்தது?" என்று எவரும் கேளாதிருத்தல்.
• புதிதாக வந்தவருக்கு வேலை கற்றுத் தராமல், அவர் தடுமாறுவதை வேடிக்கை பார்த்தல்.
• கூட்டத்தில் எல்லாரும் தலையசைத்துவிட்டு, வெளியே வந்தபின் தேநீர்க் கடையில் உண்மையைப் பேசுதல்.
• வாசகர் முன்னிலையில் ஒருவரை ஒருவர் குறைகூறுதல்.

இவற்றுள் ஒன்றிரண்டு எந்த அலுவலகத்திலும் இருக்கக்கூடும். பலவும் சேர்ந்து, வழக்கமாகிவிட்டால் கவனிக்க வேண்டும்.

காரணங்கள்

1. நூல் இழப்பு பற்றிய அச்சம்

நம் நாட்டு நூலகங்களில் பல மனக்கசப்புகளுக்கு வேர் இங்கே இருக்கிறது. இருப்புச் சரிபார்ப்பில் நூல் குறைந்தால் தம்மிடம் பணம் பிடிக்கப்படும், ஓய்வூதியம் தாமதமாகும் என்ற அச்சம் நூலகரை வாட்டுகிறது. அச்சம் வந்ததும் அலமாரிகள் பூட்டப்படுகின்றன. உடன் பணியாற்றுவோர் மீதே ஐயம் எழுகிறது. பொறுப்பு மாற்றத்தின்போது முன்னவரும் பின்னவரும் பகைவர்களைப் போல் எதிரெதிரே நிற்கிறார்கள்.

விதிகளை முழுமையாக அறிந்தால் இந்த அச்சம் ஓரளவு குறையும். மத்திய அரசின் 2017ஆம் ஆண்டுப் பொது நிதி விதிகளில் 215ஆம் விதி இதைப் பற்றியது. ஓராண்டில் இரவல் வழங்கப்பட்ட அல்லது நூலகத்திலேயே பார்க்கப்பட்ட ஒவ்வொரு 1,000 நூலுக்கும் 5 நூல்கள் வரை இழப்பு நேர்வதை இயல்பானதாகக் கொள்ளலாம் என்று அது கூறுகிறது. அந்த இழப்புக்கு நேர்மையின்மையோ கவனக்குறைவோ காரணமாக இருக்கக்கூடாது. 1,000 ரூபாய்க்கு மேல் விலையுள்ள நூலோ அரிய நூலோ தொலைந்தால் கட்டாயம் விசாரிக்க வேண்டும். 20,000 நூல்கள் வரை உள்ள நூலகத்தில் ஆண்டுதோறும் முழுச் சரிபார்ப்பு நடத்த வேண்டும். அதற்கு மேல் 50,000 நூல்கள் வரை உள்ளவற்றில் மூன்றாண்டுக்கு ஒரு முறையேனும் நடத்த வேண்டும்.

இவ்விதி மத்திய அரசு நிறுவனங்களுக்குரியது. மாநில நூலகங்களும் கல்லூரிகளும் தத்தமக்குரிய விதிகளைப் பார்க்க வேண்டும். ஆயினும் இதில் அடங்கிய கருத்து பொதுவானது: நூல்கள் கைமாறும் இடத்தில் சிறிதளவு இழப்பு இயற்கை; அதற்காக ஒருவரைத் திருடர் போல் நடத்துவது முறையாகாது.

2. வரையறுக்கப்படாத வேலை

"எல்லாரும் எல்லாம் செய்யலாம்" என்பது கேட்க நன்றாக இருக்கும். நடைமுறையில், திரும்பி வந்த நூல்களை அடுக்குவது போன்ற பெருமையில்லாத வேலை ஒருவர் தலையிலேயே விழும். பள்ளிகளில் நிலைமை இன்னும் கடினம். தனி நூலகர் இல்லாத பள்ளியில் ஏதோ ஓர் ஆசிரியரிடம் நூலகப் பொறுப்பு கூடுதலாக ஒப்படைக்கப்படும். அதற்கென்று பாடவேளை ஒதுக்கப்படாது. நூல் வழங்கவில்லை என்று தலைமையாசிரியர் கடிந்துகொள்வார். நேரம் எங்கே என்று ஆசிரியர் கேட்பார். இருவர் சொல்வதிலும் நியாயம் இருக்கும். கால அட்டவணையில் இடம் ஒதுக்காததுதான் அங்கே உள்ள உண்மையான குறை.

3. ஊழியர்களிடையே ஏற்றத்தாழ்வு

ஒரே கூரையின் கீழ் காலமுறை ஊதியம் பெறுபவர், தொகுப்பூதியம் பெறுபவர், தினக்கூலி பெறுபவர் எனப் பல நிலையினர் உள்ளனர். வேலை ஏறத்தாழ ஒன்றாகவும் ஊதியம் பல மடங்கு வேறாகவும் இருக்கும்போது மனத்தாங்கல் வளர்வது இயல்பு. இதோடு சாதி, பாலினம், வயது சார்ந்த வேற்றுமைகளும் சேர்ந்துகொள்கின்றன. தேநீர் வாங்கிவர எப்போதும் யாரை அனுப்புகிறார்கள், துப்புரவுப் பணியாளரைப் பெயர் சொல்லி மரியாதையாக அழைக்கிறார்களா, குடிநீர்க் குவளை எல்லாருக்கும் ஒன்றுதானா என்பவற்றைக் கவனித்தால் அந்த நூலகத்தின் உண்மை நிலை தெரிந்துவிடும்.

4. "இது வேலையன்று, தொண்டு" என்ற எண்ணம்

நூலகப் பணியைப் புனிதத் தொண்டாகப் போற்றுவதில் ஒரு சிக்கல் உண்டு. அமெரிக்க நூலகர் ஃபோபாசி எட்டார் 2018இல் எழுதிய ஒரு கட்டுரையில் இதை விளக்கினார். நூலகத்தைக் குறைகாண முடியாத புனித இடமாகக் கருதும்போது, அங்கே வேலை செய்பவர் தம் களைப்பையோ குறைந்த ஊதியத்தையோ பற்றிப் பேசினால் அவருக்கு ஈடுபாடு இல்லை என்று முடிவு கட்டிவிடுகிறார்கள் என்பது அவர் வாதம். நம் ஊரிலும் "சரஸ்வதி குடியிருக்கும் இடத்தில் சம்பளப் பேச்சா?" என்பது போன்ற பேச்சு உண்டு. தொண்டுள்ளம் உயர்ந்ததே. ஆனால் வார விடுமுறையும் உரிய ஊதியமும் கேட்பவரை வாயடைக்க அது பயன்படக் கூடாது.

5. தனிமை

தமிழ்நாட்டில் 1948ஆம் ஆண்டுப் பொது நூலகச் சட்டத்தின்படி மாவட்டந்தோறும் நூலக ஆணைக்குழு இயங்குகிறது. அதன் கீழ் கிளை நூலகங்களும் ஊர்ப்புற நூலகங்களும் பரவியுள்ளன. சிறு நூலகம் பலவற்றில் நூலகர் ஒருவரே எல்லா வேலையையும் பார்க்கிறார். மேலதிகாரி மாவட்டத் தலைநகரில் இருப்பார். சண்டையிட ஆள் இல்லாத இடத்திலும் சீர்கேடு உண்டு. கலந்து பேச ஒருவரும் இல்லாததே அங்குள்ள துன்பம்.

அரங்கநாதனே இதை அனுபவித்தவர். கணிதப் பேராசிரியராக இருந்த அவர், 1924இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் நூலகரானார். சில நாள்களிலேயே அந்தத் தனிமை தாங்காமல், பழைய கற்பித்தல் வேலைக்கே திரும்ப விரும்பினார். அதன்பின் இங்கிலாந்துக்குப் பயிற்சிக்கு அனுப்பப்பட்டார். அங்கே பல நூலகங்களையும் அவற்றில் பணியாற்றுவோரையும் நேரில் கண்டபின் அவருடைய நோக்கே மாறியது. தொழில்வழித் தோழமை ஒருவரை எவ்வளவு மாற்றும் என்பதற்கு இது சான்று.

முரண்பாடு வேறு, கொடுமை வேறு

முரண்பாட்டில் இரு தரப்புக்கும் பேசும் வலிமை இருக்கும். எந்த நாளிதழை நிறுத்துவது, ஞாயிற்றுக்கிழமை யார் வருவது என்பவை முரண்பாடுகள். பேசினால் தீரும்.

கொடுமையில் ஒருவர் மற்றவரைத் தொடர்ந்து சிறுமைப்படுத்துவார். பாதிக்கப்பட்டவருக்கு எதிர்த்துப் பேசும் நிலை இராது. சுவீடனில் ஆய்வு செய்த உளவியலாளர் ஹைன்ஸ் லேமான், பணியிடத்தில் பலர் சேர்ந்து ஒருவரை ஒதுக்கித் துன்புறுத்துவதை 1980களிலேயே ஆராய்ந்தார். வாரம் ஒரு முறையேனும், ஆறு மாதமேனும் தொடர்வதை அவர் ஓர் அளவாக வைத்தார். பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பு 2019இல் நிறைவேற்றிய 190ஆம் உடன்படிக்கை இன்னும் ஒரு படி முன்னே செல்கிறது. ஒரே முறை நிகழ்ந்த செயலும் வன்முறையாகவோ துன்புறுத்தலாகவோ இருக்கலாம் என்று அது ஏற்கிறது. பயிற்சியில் இருப்போருக்கும் தன்னார்வலர்களுக்கும் அதில் பாதுகாப்பு உண்டு.

அமெரிக்கக் கல்வி நிறுவன நூலகர்களிடையே கெட்ரினா டேவிஸ் கெண்ட்ரிக் நடத்திய ஆய்வு 2017இல் வெளிவந்தது. நூலகர்களின் மனச்சோர்வுக்கு, நீண்ட காலம் திரும்பத் திரும்ப நிகழும் சொல்வழி இழிவும் புறக்கணிப்பும் காரணமாவதை அது காட்டியது. இவ்வாறு சோர்ந்தவரிடம் "நீங்கள்தான் அனுசரித்துப் போக வேண்டும்" என்று அறிவுரை சொல்வது, காயத்தை விட்டுவிட்டுக் காயப்பட்டவரைக் கண்டிப்பதற்கு ஒப்பாகும்.

நல்லுறவுக்கான வழிகள்

வேலைப் பங்கீட்டை எழுதி ஒட்டுதல். யார், எந்த நாள், எந்த வேலை என்பதை ஒரு தாளில் எழுதி அனைவரும் காணும் இடத்தில் வைக்க வேண்டும். விரும்பத்தகாத வேலைகள் சுழற்சி முறையில் அனைவருக்கும் வர வேண்டும். ஒவ்வொரு வேலைக்கும் மாற்றாள் ஒருவரும் குறிக்கப்பட வேண்டும்.

பொறுப்பு ஒப்படைப்பை ஒழுங்குபடுத்துதல். ஒப்படைக்கும்போது இருவரும் சேர்ந்து எண்ணி, குறைவைப் பட்டியலிட்டு, இருவரும் கையொப்பமிட வேண்டும். "பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்ற நட்பு பிறகு வழக்காக மாறும். முறைப்படி எழுதிக்கொள்வது அவநம்பிக்கை ஆகாது. கணக்கு சரியாக இருந்தால் நட்பும் நிலைக்கும்.

நாள்தோறும் சிறிது நேரம் பேசுதல். நூலகம் திறக்கும் முன் பத்து நிமிடம் நின்றபடியே பேசினாலும் போதும். நேற்று வாசகர் கேட்டுக் கிடைக்காதது எது, இன்று யார் விடுப்பு, எந்த வேலை தேங்கியுள்ளது என்ற மூன்று கேள்விகள் போதுமானவை.

ஆளைக் குறிக்காமல் நிகழ்ச்சியைக் குறித்துப் பேசுதல். "நீங்கள் எப்போதுமே இப்படித்தான் சார்" என்று தொடங்கினால் எதிரில் இருப்பவர் தம்மைக் காத்துக்கொள்ளத்தான் முயல்வார். மாறாக, "நேற்று மாலை திரும்பி வந்த நூல்கள் மேசையிலேயே இருந்தன சார். காலையில் இரண்டு பேர் கேட்டபோது என்னால் எடுத்துத் தர முடியவில்லை. மாலையில் உங்களுக்கு வேலை அதிகமாக இருக்கிறதா? நாம் நேரத்தை மாற்றிப் பார்க்கலாமா?" என்று கேட்டால் பேச்சு வேலையைப் பற்றியதாகிறது. நடந்தது, அதன் விளைவு, காரணம் பற்றிய கேள்வி, ஒரு யோசனை என நான்கு படிகள் இதில் உள்ளன. இதைத் தனியே அழைத்துப் பேச வேண்டும். வாசகர் முன்னிலையில் பேசக் கூடாது.

தவறைச் சொல்ல இடமளித்தல். அமெரிக்க ஆய்வாளர் எமி எட்மண்ட்சன் 1990களில் மருத்துவமனைச் செவிலியர் குழுக்களை ஆராய்ந்தார். நல்ல தலைமையும் உறவும் கொண்ட குழுக்களில்தான் மருந்துத் தவறுகள் அதிகமாகப் பதிவாகியிருந்தன. அவர்கள் அச்சமின்றித் தவறுகளை வெளியே சொன்னார்கள் என்பதே அவர் கண்ட விளக்கம். நூலகத்துக்கும் இது பொருந்தும். தவறான எண் ஒட்டிவிட்டேன் என்று ஒருவர் தாமே வந்து சொன்னால் ஐந்து நிமிடத்தில் சரியாகிவிடும். திட்டுக்கு அஞ்சி அவர் மறைத்தால் அந்த நூல் பல ஆண்டுகள் யார் கண்ணிலும் படாமல் கிடக்கும்.

உழைப்புக்கு உரியவரின் பெயரைச் சொல்லுதல். புத்தகக் கண்காட்சியோ சிறுவர் கதை நேரமோ நன்றாக நடந்தால், நாற்காலி போட்டவர் முதல் அறிவிப்பு எழுதியவர் வரை அனைவர் பெயரையும் சொல்ல வேண்டும். இதற்குச் செலவு எதுவுமில்லை.

தனியாகப் பணியாற்றுவோரை இணைத்தல். அருகிலுள்ள நான்கைந்து நூலகங்களின் பணியாளர்கள் மாதம் ஒரு முறை ஒரு நூலகத்தில் கூடலாம். வாசகர் வட்டம் உள்ள ஊரில் அதன் உறுப்பினர்களும் நூலகருக்குத் துணையாவர்.

தலைமை நூலகரின் பங்கு

பூசலில் நடுவராக இருக்க வேண்டியவர் தலைமை நூலகர். அவருக்குத் தேவையான முதல் பண்பு, இரு தரப்பையும் கேட்காமல் முடிவு செய்யாமை. முதலில் வந்து சொல்பவர் சொல்வதே உண்மை என்று எடுத்துக்கொண்டால், எல்லாரும் முதலில் வந்து சொல்லவே முந்துவார்கள். கோள் சொல்லுதல் வளரும். "இதை அவரிடம் நேரில் சொன்னீர்களா? நான் உடன் இருக்கட்டுமா?" என்று கேட்பது அந்தப் பழக்கத்தை நிறுத்தும்.

இரண்டாவது, விதி எல்லாருக்கும் ஒன்றாக இருத்தல். ஒருவர் தாமதமாக வந்தால் வருகைப் பதிவேட்டில் சிவப்பு மை, மற்றவர் வந்தால் புன்னகை என்று இருந்தால் எந்தக் கூட்டம் போட்டும் பயனில்லை. மூன்றாவது, தலைமை நூலகரே சீர்கேட்டின் காரணமாக இருக்கக்கூடும். அப்போது பணியாளர்கள் மேலதிகாரியை அணுகும் வழி திறந்திருக்க வேண்டும்.

பாதிக்கப்பட்டவர் செய்யத்தக்கவை

நிகழ்ந்தவற்றை நாள், நேரம், இடம், சொல்லப்பட்ட சொற்கள், உடனிருந்தோர் என அன்றன்றே குறித்து வைப்பது முதல் வேலை. இக்குறிப்பேடு அலுவலக மேசையில் இருக்கக் கூடாது, வீட்டில் இருக்கட்டும். முறையீட்டை எழுத்தில் தந்து, பெற்றுக்கொண்டதற்கான கையொப்பத்துடன் நகலை வைத்துக்கொள்ள வேண்டும். நம்பகமான ஒருவரிடம் மனம் விட்டுப் பேசுவதும், உறக்கமும் உணவும் கெடும் நிலை வந்தால் மருத்துவரைப் பார்ப்பதும் தேவை. பணியாளர் சங்கம் இருந்தால் அதன் துணையையும் நாடலாம்.

பெண்கள் பாலியல் துன்புறுத்தலுக்கு உள்ளானால் 2013ஆம் ஆண்டுச் சட்டம் துணை நிற்கிறது. பத்து அல்லது அதற்கு மேற்பட்ட பணியாளர் உள்ள இடத்தில் உள்ளகப் புகார்க் குழு அமைக்கப்பட வேண்டும். அதற்குக் குறைவாக இருந்தால் மாவட்ட அளவிலான உள்ளூர்க் குழுவிடம் முறையிடலாம். சிறு நூலகங்களில் வேலை செய்யும் பெண்கள் இதை அறிந்திருப்பது மிக அவசியம். நிகழ்ந்த மூன்று மாதத்துக்குள் எழுத்தில் புகார் தர வேண்டும். தக்க காரணம் இருந்தால் குழு மேலும் மூன்று மாதம் வரை நீட்டிக்கலாம். விசாரணையை 90 நாளில் முடிக்க வேண்டும். பாதிக்கப்பட்ட பெண் தாமே கேட்டால் அன்றி, குழு சமரச முயற்சி மேற்கொள்ள இடமில்லை. பணம் தந்து தீர்க்கும் சமரசமும் கூடாது. பணியாளர் அல்லாத பெண்களுக்கும், அதாவது நூலகத்துக்கு வரும் மாணவியருக்கும் இச்சட்டம் பாதுகாப்பளிக்கிறது.

பட்டியல் சாதியினரையோ பழங்குடியினரையோ பிறர் பொதுப்பார்வையில் படும் இடத்தில் சாதிப்பெயர் சொல்லி இழிவுபடுத்துவது, 1989ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின்படி குற்றம். அதை அலுவலகப் பூசல் என்று பெயரிட்டு மறைக்க முடியாது.

வாசகரின் பங்கு

நூலகத்தின் மனநிலையை வாசகரும் உருவாக்குகிறார்கள். போட்டித் தேர்வுக்குப் படிக்கும் மாணவர்கள் நாள் முழுதும் நூலகத்திலேயே இருப்பவர்கள். பணியாளர்களை மிக அருகில் காண்பவர்கள். ஒருவரிடம் மற்றவரைப் பற்றிப் புகார் சொல்லிக் காரியம் சாதிக்காமல் இருப்பதும், எடுத்த நூலைக் கண்ட இடத்தில் செருகாமல் மேசையில் வைத்துவிட்டுச் செல்வதும், நூல் அடுக்குபவரையும் "ஐயா", "அம்மா" என்று அழைத்துப் பேசுவதும் அவர்களால் இயலும். குறை இருந்தால் ஆளைத் தாக்காமல், எந்த நாள் என்ன சேவை கிடைக்கவில்லை என்று ஆலோசனைப் பதிவேட்டில் எழுதலாம். அவ்வாறு எழுதப்பட்ட குறை, எந்த வேலையைச் சரிசெய்ய வேண்டும் என்பதைப் பணியாளர்களுக்கு நேராகக் காட்டும்.